கேள்வி – பதில்: சீலகாந்த் மீனும் மார்ஜரி லாட்டிமரும்

சென்ற இதழில், அழிந்துபோனதாகக் கருதப்பட்டுப் பின்னர் உயிருடன் கிடைத்த விலங்கு எது என்று ஒரு வாசகர் கேட்டிருந்தார். சீலகாந்த் என்னும் மீனைக் குறிப்பிட்டு, அதை 1938-இல் உலகுக்குக் காட்டியவர் தென்னாப்பிரிக்காவின் ஈஸ்ட் லண்டன் அருங்காட்சியகத்தைச் சேர்ந்த மார்ஜரி கோர்ட்னி-லாட்டிமர் என்று ஒரே வரியில் பதிலை முடித்திருந்தேன். மீனைவிட அந்தப் பெண்மணியைப் பற்றித்தான் கடிதங்கள் வந்து குவிந்திருக்கின்றன. ஆகவே இந்த இதழின் பக்கங்களை அவருக்கே ஒதுக்கிவிட்டேன்.

கேள்வி: ஈஸ்ட் லண்டன் என்பது இங்கிலாந்துத் தலைநகரின் கிழக்குப் பகுதிதானே? அவர் ஆங்கிலேயரா?
– வாசகர், விருதுநகர்

பதில்: அந்த லண்டனுக்கும் இதற்கும் பெயர் மட்டுமே பொது. இது தென்னாப்பிரிக்காவின் தென்கிழக்குக் கரையில், பஃபலோ ஆறு இந்தியப் பெருங்கடலில் கலக்கும் இடத்தில் உள்ள துறைமுக நகரம். மார்ஜரியும் தென்னாப்பிரிக்காவிலேயே, அலிவால் நார்த் என்னும் ஊரில், 1907 பிப்ரவரி 24 அன்று பிறந்தவர். தந்தை ரயில்வேயில் ஸ்டேஷன் மாஸ்டர். இரண்டு மாதம் முன்னதாகவே பிறந்த குறைமாதக் குழந்தை என்பதால் சிறுவயது முழுவதும் நோயும் மருந்துமாகவே கழிந்தது. தொண்டை அடைப்பான் கண்டு பிழைத்ததே பெரும்பாடு. உடம்புக்கு முடியாத அந்தப் பிள்ளைக்குப் பூ, இறகு, சிப்பி, கல் என்று கண்ணில் பட்டதையெல்லாம் சேர்த்து வைப்பதில் தீராத ஆசை. கடற்கரையில் இருந்த பாட்டி வீட்டுக்குப் போகும்போது, பேர்ட் தீவில் இருந்த கலங்கரை விளக்கம் அவரை மிகவும் கவர்ந்தது. பறவைகளைப் பற்றி முழுவதும் அறிந்தவளாவேன் என்று 11 வயதில் அவர் தமக்குத் தாமே உறுதி செய்துகொண்டதாகச் சொல்லுவார்கள்.

கேள்வி: பல்கலைக்கழகப் பட்டம் இல்லாத ஒருவரை, அதுவும் 24 வயதுப் பெண்ணை, ஓர் அருங்காட்சியகத்துக்குப் பொறுப்பாளராக எப்படி நியமித்தார்கள்? சிபாரிசா?
– பேராசிரியை (ஓய்வு), திருச்சி

பதில்: தங்கள் கேள்வியில் உள்ள ஐயம் நியாயமானதே. ஆனால் அன்றைய நிலவரத்தைப் பார்த்தால், அந்தப் பதவியில் சிபாரிசு செய்து பெறும்படி ஒன்றும் இருக்கவில்லை. ஈஸ்ட் லண்டன் அருங்காட்சியகம் அப்போதுதான் தொடங்கப்பட்டிருந்தது. மார்ஜரி கிங் வில்லியம்ஸ் டவுனில் செவிலியர் பயிற்சியில் இருந்தார். காலியிடம் பற்றித் தெரிந்து விண்ணப்பித்தார். நேர்காணல் நடத்தியவர்கள், அந்நாட்டுச் செடிகொடிகளையும் பறவைகளையும் பற்றி அவர் பேசியதைக் கேட்டுவிட்டு, 1931 ஆகஸ்டில் அவரையே முதல் காப்பாட்சியராக நியமித்தார்கள். சம்பளம் மாதம் இரண்டு பவுண்டு.

அவர் பொறுப்பேற்ற அன்று அங்கே இருந்தவற்றின் பட்டியலைப் படித்தால் சிரிப்பு வரும். பூச்சி அரித்த ஆறு பாடம் செய்த பறவைகள், புட்டியில் அடைத்து வைத்த ஆறு கால் பன்றிக்குட்டி ஒன்று, ஊரைக் காட்டும் சில படங்கள், அந்நாட்டுப் பூர்வகுடிகளான கோசா மக்களுடன் நடந்த போர்க் காட்சிகளின் அச்சுப் படங்கள், சில கற்கள்: ஏறக்குறைய அவ்வளவுதான். வேறு ஒருவராக இருந்தால் அரசு பணம் ஒதுக்கும் வரை நாற்காலியில் உட்கார்ந்திருப்பார். மார்ஜரி தம் வீட்டிலிருந்தே தொடங்கினார். தாயார் சேர்த்து வைத்திருந்த மணிவேலைப் பொருள்களையும், பெரிய பாட்டி ஒருவர் வைத்திருந்த முட்டை ஒன்றையும் கொண்டுவந்து வைத்தார். பிறகு விடுமுறை நாள்களில் காட்டிலும் கரையிலும் அலைந்து செடி, சிப்பி, பறவை, தொல்லெலும்பு என்று சேர்த்தார். 1935-இல் டார்கஸ்டாட் பகுதியில் கன்னமெயேரியா என்னும் விலங்கின் எலும்புக்கூட்டைத் தோண்டி எடுத்ததில் அவருக்குப் பங்கு உண்டு. டைனோசர்கள் தலைதூக்குவதற்கு முன்பே வாழ்ந்து, பாலூட்டிகளின் மூதாதையர்க்கு உறவான கிளையைச் சேர்ந்த விலங்கு அது. அடுத்த ஆண்டு, சிறுவயதிலிருந்து ஏங்கிய பேர்ட் தீவுக்கே சென்று தங்கிப் பறவைகளையும் கடல் உயிர்களையும் பெட்டி பெட்டியாகச் சேர்த்தார்.

இந்தத் தீவுப் பயணத்தை வாசகர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். அங்கே சேர்த்தவற்றை ஊருக்கு ஏற்றிக்கொண்டு வந்து உதவியவர் ஹென்ட்ரிக் கூசன் என்னும் மீன்பிடி இழுவைப்படகுத் தலைவர்.

கேள்வி: அந்த மீன் கிடைத்த நாளில் என்னதான் நடந்தது? விரிவாக எழுதுங்கள்.
– வாசகி, தூத்துக்குடி; மற்றும் பலர்

பதில்: 1938-ஆம் ஆண்டு கிறிஸ்துமஸுக்கு இரண்டு மூன்று நாள் இருக்கும்போது, கூசன் தலைவராக இருந்த ‘நெரீன்’ என்ற இழுவைப்படகு, சலும்னா ஆற்றின் கழிமுகத்துக்கு அப்பால் சுமார் 70 மீட்டர் ஆழத்தில் வலை இழுத்துவிட்டுத் துறைமுகம் திரும்பியது. வழக்கத்துக்கு மாறான மீன் எது கிடைத்தாலும் அருங்காட்சியகத்துக்குச் சொல்லி அனுப்புவது கூசனின் பழக்கம். அன்றும் தொலைபேசியில் செய்தி வந்தது. மார்ஜரியோ டார்கஸ்டாட்டிலிருந்து வந்த எலும்புகளைப் பொருத்திக்கொண்டிருந்தார். பண்டிகைக்கு முன் முடித்துவிட வேண்டும் என்ற அவசரம். போகாமலே இருந்துவிடலாமா என்று ஒரு கணம் யோசித்தாராம். படகில் உள்ளவர்களுக்குக் கிறிஸ்துமஸ் வாழ்த்தாவது சொல்லிவிட்டு வருவோம் என்றுதான் டாக்சி பிடித்துப் போனார்.

தளத்தில் சுறாவும் திருக்கையும் கடற்பஞ்சும் குவிந்து கிடந்தன. அந்தக் குவியலுக்கு அடியிலிருந்து ஒரு நீலத் துடுப்பு நீட்டிக்கொண்டிருப்பதைப் பார்த்தார். மேலே கிடந்தவற்றை விலக்கிப் பார்த்தபோது ஐந்து அடி நீளத்துக்கு ஒரு மீன் கிடந்தது. மங்கிய ஊதா கலந்த நீலம்; உடலெங்கும் வெண்புள்ளிகள்; மேலே வெள்ளியும் பச்சையுமாக மாறி மாறித் தெரியும் பளபளப்பு. செதில்கள் கவசத்தைப் போலக் கடினமானவை. துடுப்புகள் உடலோடு நேராக ஒட்டியிருக்காமல், சதைப்பற்றுள்ள காம்புகளில் கைகால்களைப் போல அமைந்திருந்தன. வால் நுனியில் இன்னொரு குட்டி வால். எடை 57 கிலோவுக்குச் சற்று மேல். தாம் பார்த்த மீன்களிலேயே மிக அழகானது இதுதான் என்று அவர் பிற்காலத்தில் சொன்னார்.

அதற்குப் பிறகு நடந்ததில்தான் எனக்கு அவர்மீது மதிப்பு கூடுகிறது. அவரும் உதவியாளர் ஈனாக்கும் மீனைச் சாக்கில் வைத்துத் தூக்கிக்கொண்டு வந்தால், டாக்சிக்காரர் நாறும் மீனை ஏற்ற மாட்டேன் என்றார். மீன் நாறவில்லை, இப்போதுதான் பிடித்தது, முடியாதென்றால் வேறு வண்டி பார்த்துக்கொள்கிறேன் என்று வாதாடி ஏற்ற வைத்தார். அருங்காட்சியகத்தில் இருந்த நூல்களைப் புரட்டியதில், இதற்கு நெருக்கமாகத் தென்பட்ட படமெல்லாம் புதைபடிவ மீன்களின் படமாகவே இருந்தது. அருங்காட்சியகக் குழுவின் தலைவரோ, இது வெறும் களவா மீன், இதற்கு இவ்வளவு ஆர்ப்பாட்டமா என்று கேட்டுவிட்டார். தென்கோளத்தில் டிசம்பர் மாதம் கோடைக்காலம், மீன் தாங்காது. தள்ளுவண்டியில் ஏற்றி மருத்துவமனைப் பிணவறைக்குப் போய் இடம் கேட்டார், மறுத்தார்கள். குளிர்பதனக் கிடங்கிலும் மறுத்தார்கள். கடைசியில், விலங்குகளைப் பாடம் செய்யும் தொழிலாளி ஒருவரிடம் கொண்டுபோய், உடல் அழுகாமல் காக்கும் மருந்தான பார்மலின் கிடைத்த கொஞ்சத்தில் செய்தித்தாளையும் துணியையும் நனைத்து மீனைச் சுற்றி வைத்தார்.

டிசம்பர் 23 அன்று, கிரகாம்ஸ்டவுனில் ரோட்ஸ் பல்கலைக்கழகக் கல்லூரியில் வேதியியல் கற்பித்துக்கொண்டே மீன்களை ஆராய்ந்து வந்த ஜே.எல்.பி. ஸ்மித்துக்கு, மீனின் படத்தைக் கையால் வரைந்து, விவரங்களை எழுதிக் கடிதம் அனுப்பினார். ஓவியம் என்று சொல்ல முடியாத, அவசரக் கோடுகளால் ஆன படம்தான் அது. ஆனால் காம்புள்ள துடுப்பும் குட்டி வாலும் அதில் தெளிவாக இருந்தன.

கேள்வி: மீனின் உள்ளுறுப்புகளை அவர் தூக்கி எறிந்துவிட்டதால் அறிவியலுக்குப் பெரிய இழப்பு என்று படித்தேன். இதை எப்படிச் சாதனை என்கிறீர்கள்?
– வாசகர், மதுரை

பதில்: இழப்பு என்பது உண்மை. பழி யார்மீது என்பதில்தான் தங்களிடமிருந்து மாறுபடுகிறேன். ஸ்மித் அப்போது கல்லூரியில் இல்லை. விடுமுறைக்கு நைஸ்னாவுக்குப் போயிருந்தார். தொலைபேசியில் தேடியும் கிடைக்கவில்லை. கிறிஸ்துமஸ் கழிந்து நாள்கள் ஓடின. மீனிலிருந்து எண்ணெய் கசியத் தொடங்கியது. பார்மலின் உள்ளே இறங்கவில்லை. முழு மீனும் அழுகிப்போவதைவிடத் தோலையும் தலையையும் காப்பாற்றுவது மேல் என்று முடிவு செய்து, உரித்துப் பாடம் செய்யச் சொன்னார். எடுத்த புகைப்படச் சுருளும் பாழாகிவிட்டது. ஜனவரி 3 அன்றுதான் கடிதம் ஸ்மித்தின் கைக்குக் கிடைத்தது. எலும்புக்கூட்டையும் செவுள்களையும் பாதுகாப்பது மிக முக்கியம் என்று அவர் உடனே தந்தி அடித்தார். அந்தத் தந்தி வரும்போது, எறிந்த உறுப்புகள் குப்பையோடு போன இடம் தெரியவில்லை.

ஆராய்ச்சியாளர் ஒருவர் பக்கத்தில் இருந்து, குளிரூட்டும் அறையும் வேண்டிய அளவு பார்மலினும் இருந்து, அப்படியும் அவர் எறிந்திருந்தால் குற்றம் சாட்டலாம். இவற்றில் ஒன்றுகூட இல்லை. இன்னொன்றையும் சொல்ல வேண்டும். ஸ்மித் படத்தைப் பார்த்தவுடன் சீலகாந்த் என்றுதான் நினைத்தார். எனினும், பல கோடி ஆண்டுகளாக இல்லாத மீன் ஒன்று நேற்று வலையில் விழுந்தது என்று சொன்னால் உலகம் சிரிக்குமே என்ற அச்சம் அவரை வாட்டியது. மார்ஜரி தபாலில் அனுப்பிய செதில்களைப் பார்த்த பிறகும் அவர் ஈஸ்ட் லண்டன் வந்து சேர்ந்தது பிப்ரவரி 16 அன்றுதான். உலகம் நம்புமோ நம்பாதோ என்ற அந்த வாரங்களில், மீனைத் தனியாகக் காத்தது பட்டமில்லாத காப்பாட்சியர்தான். வெளிநாட்டு அறிஞர்கள் உறுப்புகள் போனதைக் குறைகூறியபோது, மார்ஜரிக்காகப் பேசியவர் ஸ்மித்.

கேள்வி: மீனைப் பிடித்தவர் கூசன், ஆராய்ந்து சொன்னவர் ஸ்மித். நடுவில் நின்றவருக்கு மட்டும் ஏன் பெயர்?
– பொறியாளர், கோயம்புத்தூர்

பதில்: பெயர் வைத்தவர் ஸ்மித்தே. 1939 மார்ச்சில் ‘நேச்சர்’ இதழில் இந்த மீனைப் பற்றி எழுதியபோது, லாட்டிமேரியா சலும்னே என்று பெயரிட்டார்: முதல் பாதி மார்ஜரியின் குடும்பப் பெயர், இரண்டாம் பாதி அந்த ஆற்றின் பெயர். மூவரில் யார் இல்லாவிட்டாலும் இந்தக் கதை நடந்திருக்காது என்பது சரியே. ஆனால் கூசனின் வலையில் அது விழுந்தது தற்செயல். கூசன் தொலைபேசியில் அழைத்தது தற்செயலன்று. ஏழு ஆண்டுகளாக மீனவர்களிடம் போய்ப் பேசி, வேண்டாத மீனை எறிவதற்கு முன் எனக்கு ஒரு வார்த்தை சொல்லுங்கள் என்று கேட்டுக்கேட்டு, அவர்கள் வாழ்த்தையும் நட்பையும் பெற்றிருந்ததனால் வந்த அழைப்பு அது. சந்தைக்கு ஆகாத மீன் உரத்துக்கோ தீவனத்துக்கோ போய்விடும் தொழிலில், ஒரு படகுத் தலைவர் நின்று யோசிக்கும்படி செய்தது அவருடைய வேலை.

பெயர் விடுபட்டவர் என்று ஒருவரைச் சொல்ல வேண்டுமானால், நான் ஈனாக்கைத்தான் சொல்லுவேன். அந்தப் பாரத்தைத் தூக்கிய கறுப்பினத் தொழிலாளியின் முழுப் பெயரைக்கூட இக்கதையைச் சொல்பவர்கள் பெரும்பாலும் எழுதுவதில்லை.

கேள்வி: ‘வாழும் புதைபடிவம்’ என்கிறார்களே, அது சரியான சொல்லா? பிறகு வேறு மீன் கிடைத்ததா?
– மாணவி, வேலூர்

பதில்: சீலகாந்த் வகை மீன்கள் சுமார் 40 கோடி ஆண்டுகளுக்கு முன்பே தோன்றியவை. டைனோசர்கள் மறைந்த காலத்தோடு, அதாவது 6 கோடியே 60 லட்சம் ஆண்டுகளுக்கு முன், அவற்றின் புதைபடிவத் தடயமும் நின்றுபோனதால், அவை அற்றுப்போயின என்று அனைவரும் நம்பினர். ஆனால் அன்று வாழ்ந்தவையும் இன்று வாழ்பவையும் ஒரே இனமல்ல. உடல் அமைப்பில் வேறுபாடுகள் உண்டு. ஆகையால் அந்தச் சொல்லை அப்படியே நம்பி, மாறாமல் நின்றுவிட்ட மீன் என்று எண்ணக்கூடாது. நிலத்தில் நடந்த முதுகெலும்பிகளுக்கு நேர் மூதாதை இதுவே என்று முதலில் எழுந்த ஆரவாரமும் அடங்கிவிட்டது. 2013-இல் இதன் மரபணுத் தொகுதியைப் படித்தவர்கள், நமக்கு இதைவிட நுரையீரல் மீனே நெருங்கிய உறவு என்று கண்டார்கள்.

இரண்டாவது மீனுக்காக ஸ்மித் 14 ஆண்டுகள் காத்திருந்தார். 100 பவுண்டு பரிசு என்று படத்துடன் துண்டறிக்கை அச்சிட்டு ஆப்பிரிக்கக் கரையெங்கும் பரப்பினார். 1952 டிசம்பரில், ஆப்பிரிக்கக் கரைக்கும் மடகாஸ்கருக்கும் இடையில் உள்ள கொமோரோ தீவுகளில் ஒரு மீன் கிடைத்தது. மீன் கெட்டுவிடுமே என்று பதறிய ஸ்மித், தென்னாப்பிரிக்கப் பிரதமர் மலானைத் தொலைபேசியில் பிடித்து, விமானப்படையின் டகோட்டா விமானத்தையே வாங்கிக்கொண்டு பறந்தார். பிணவறையில்கூட இடம் கிடைக்காமல் மார்ஜரி தள்ளுவண்டியுடன் அலைந்ததை இதோடு வைத்துப் பார்க்கவும். கொமோரோ மீனவர்களுக்கோ அது புதியதன்று. ‘கொம்பெஸ்ஸா’ என்று அதற்கு அவர்களிடம் பெயரே இருந்தது. சுவை இல்லாததால் அதை அவர்கள் பெரிதாக மதிக்கவில்லை.

அது குட்டி போடும் மீன் என்பது பின்னர்தான் தெரிந்தது. செதில்களில் உள்ள வளையங்களை எண்ணி 2021-இல் வெளிவந்த ஆய்வு, அது 100 ஆண்டு வரை வாழக்கூடும் என்றும், குட்டியைச் சுமக்கும் காலமே சுமார் ஐந்து ஆண்டு என்றும் கணிக்கிறது.

கேள்வி: அவர் வீட்டிலிருந்து கொண்டுவந்த முட்டை, அற்றுப்போன டோடோ பறவையின் முட்டை என்பது உண்மையா?
– வாசகர், புதுச்சேரி

பதில்: குடும்பத்தில் அப்படிச் சொல்லி வந்தார்கள்; அருங்காட்சியகத்திலும் அந்தப் பெயரோடுதான் புகழ் பெற்றது. தீக்கோழி முட்டையாக இருக்கலாம் என்று ஐயப்படுபவர்கள் உண்டு. எனக்கும் ஐயமே.

கேள்வி: அருங்காட்சியகத்துக்குத் தலைமையேற்ற முதல் பெண் இவர்தானா?
– வாசகி, சேலம்

பதில்: இல்லை. ஜெர்மனியில் கீல் நகரத் தொல்பொருள் அருங்காட்சியகத்துக்கு யோஹானா மெஸ்டோர்ஃப் 1891-இலேயே இயக்குநராகிவிட்டார். பறவையியல் அறிஞர் எமிலி ஸ்னெத்லாகெ 1914-இல் பிரேசிலின் பெலெம் நகரில் உள்ள கோயெல்டி அருங்காட்சியகத்தின் தலைமையை ஏற்றார். இவர் ஜெர்மனியில் முனைவர் பட்டம் பெற்று, அமேசான் காடுகளில் கால்நடையாக அலைந்தவர். அவரைப் பற்றித் தனியே எழுத வேண்டும்.

கேள்வி: எல்லாவற்றையும் படித்த பின்பும் கேட்கிறேன்: சேகரிப்பாளர் என்று சொல்லலாம், அவரை ‘விஞ்ஞானி’ என்று அழைப்பது மிகையல்லவா?
– ஆய்வு மாணவர், சிதம்பரம்

பதில்: ஆய்வுக் கட்டுரைகளின் எண்ணிக்கையை அளவுகோலாக வைத்தால் தாங்கள் சொல்வது நிற்கும். ஆனால் அன்று படகுத் தளத்தில் நடந்ததை எண்ணிப் பாருங்கள். நெடுங்காலம் கடலில் கழித்த மீனவர்களும் பார்த்திராத மீன் அது என்பதை அறிந்தார். அது எந்த வகையிலும் அடங்கவில்லை என்பதை நூல்களோடு ஒப்பிட்டு உணர்ந்தார். மேலதிகாரி களவா மீன் என்று தீர்ப்பளித்த பிறகும் தம் கண் கண்டதை விட்டுக்கொடுக்கவில்லை. அளந்து, வரைந்து, தம்மைவிட அதிகம் தெரிந்தவருக்கு உடனே எழுதினார். இதற்கு மேல் விஞ்ஞானிக்கு வேறென்ன இலக்கணம் வேண்டும் என்று எனக்குத் தெரியவில்லை. பட்டம் கேட்பவர்களுக்காகச் சொல்லுகிறேன்: ரோட்ஸ் பல்கலைக்கழகம் 1971-இல் அவருக்குக் கௌரவ முனைவர் பட்டம் அளித்தது.

ஒரே ஒரு மீனை வைத்து அவரை எடைபோடுவதும் அநீதி. ஆறு கால் பன்றிக்குட்டியோடு தொடங்கிய கூடத்தை, 42 ஆண்டுகளில் நாடறிந்த அருங்காட்சியகமாக்கி, அதன் இயக்குநராக இருந்து 1973-இல் ஓய்வு பெற்றார். மீன் கிடைக்காமல் போயிருந்தாலும் இந்த வேலை நடந்திருக்கும். அவர் பெயர் மட்டும் நம் காதுக்கு எட்டியிருக்காது.

கேள்வி: ஓய்வுக்குப் பின் என்ன செய்தார்? அந்த மீன் இப்போது எங்கே?
– வாசகி, காரைக்குடி

பதில்: திருமணம் செய்துகொள்ளவில்லை. ஓய்வுக்குப் பின் சிட்சிகாமா பகுதியில் சில காலம் வசித்து, பூக்களைப் பற்றி ஒரு நூல் எழுதிவிட்டு, மீண்டும் ஈஸ்ட் லண்டனுக்கே வந்துவிட்டார். 2004 மே 17 அன்று தமது 97-ஆம் வயதில் காலமானார். பாடம் செய்த அந்த முதல் மீன் இன்றும் அதே அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

ஸ்மித் 1952-இல் கிடைத்த மீனை வேறு இனம் என்று நினைத்து, விமானம் தந்த பிரதமரின் பெயரால் மலானியா என்று பெயரிட்டார். அது பழைய மீனேதான் என்று தெரிந்தவுடன் அந்தப் பெயர் வழக்கொழிந்தது. 1997-இல் இந்தோனேசியாவில் மனாடோ நகர மீன் சந்தையில் ஒருவர் கண்ணில் பட்ட சீலகாந்த் உண்மையிலேயே வேறு இனம். நிறமும் நீலமன்று, பழுப்பு. 1999-இல் அதற்கு லாட்டிமேரியா மெனாடோயென்சிஸ் என்று பெயர் சூட்டினார்கள். அப்போது மார்ஜரிக்கு வயது 92.